குஸ்தாவ் ஏன் எப்போதும் தனியாக இருக்கிறார்?

நீங்கள் கேட்டிருப்பது மேலோட்டமாகப் பார்த்தால் மூன்று கேள்விகள். பழைய ஹங்கேரியத் தொலைக்காட்சியில் வந்த, வசனமே இல்லாத அந்தக் குட்டிக் கார்ட்டூன்களின் பெரிய மூக்குக்காரர் யார்? அவர் ஏன் எப்போது பார்த்தாலும் தனி ஆளாக, ஒரு தினுசாக நடந்துகொள்கிறார்? அந்தக் கேலியெல்லாம் உண்மையில் கம்யூனிஸ்ட் அரசைக் குறிவைத்ததா? கூடவே, எட்டு வயது மகனுக்குக் காட்டலாமா என்றும் கேட்டிருக்கிறீர்கள். ஆனால் நடுவில் ஒரு வரி எழுதியிருக்கிறீர்கள்: வயிறு வலிக்கச் சிரித்துவிட்டு, பிறகு சிரித்திருக்கக் கூடாதோ என்று நினைத்ததாக. நீங்கள் உண்மையில் கேட்க வந்தது அதைத்தான் என்று எடுத்துக்கொள்கிறேன். அந்த மனிதரைப் பார்த்துச் சிரிக்கும்போது நாம் யாரைப் பார்த்துச் சிரிக்கிறோம் என்பதுதான் கேள்வி. மற்றவை அதன் கிளைகள்.

முதலில் என்னைப் பற்றி. இருபது ஆண்டுகளுக்கு மேலாக அனிமேஷன் துறையில் இருக்கிறேன். பாதிக் காலம் விளக்கு மேசையில் குனிந்து காகிதத்தில் வரைந்தேன், மீதிக் காலம் கற்றுக்கொடுக்கிறேன். ஒவ்வோர் ஆண்டும் புதிய மாணவர்களுக்கு நான் முதலில் போட்டுக் காட்டுவது குஸ்தாவைத்தான். ஹங்கேரிய மொழி எனக்குத் தெரியாது. ஆகவே கோடு, அசைவு, ஒலி, தயாரிப்புச் செலவு பற்றி நான் சொல்வதை ஒரு தொழில்காரனின் சொல்லாக நம்பலாம். அந்த நாட்டு மக்களின் மனநிலை பற்றிச் சொல்வதை வரலாறு வாசித்த ஒருவனின் ஊகமாக மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள். எது எந்த வகை என்று அங்கங்கே சொல்லிக்கொண்டே போகிறேன்.

பெயரிலிருந்து தொடங்கலாம். நீங்கள் ‘குஷ்டவ்’ என்று எழுதியிருக்கிறீர்கள். ஹங்கேரிய எழுத்துமுறை நமக்குப் பழகிய ஆங்கில முறைக்கு நேர் எதிர். எஸ் மட்டும் தனியாக வந்தால் ‘ஷ’, எஸ்ஸும் இஸட்டும் சேர்ந்து வந்தால் ‘ஸ’. அதனால்தான் அந்த நாட்டவர் தங்கள் தலைநகரைப் புடாபெஷ்ட் என்கிறார்கள், இவரைக் குஸ்தாவ் என்கிறார்கள். குடும்பப் பெயரை முன்னால் போடுவதும் அவர்கள் வழக்கம். நானும் அப்படியே எழுதுகிறேன். குஸ்தாவைப் படைத்தவர்கள் நெப் யோஜெஃப், தார்காய் அத்திலா, யான்கோவிச் மார்ட்செல் ஆகிய மூவர். வேலை நடந்த இடம் புடாபெஷ்டில் இருந்த பன்னோனியா திரைப்பட நிறுவனம். அரசு நிறுவனம்தான். அன்று அங்கே வேறு வகை நிறுவனம் ஏது? 1960களில் தொடங்கி 1977 வரை, ஒவ்வொன்றும் ஏறக்குறைய ஐந்து நிமிடம் ஓடும் 120 படங்கள் எடுத்தார்கள். இவ்வளவும் உறுதி.

இந்த முகத்தின் முதல் வடிவம் தொடர் தொடங்கும் முன்பே, 1961இல் நெப் எடுத்த ஒரு குறும்படத்தில் வந்துவிட்டது. அதன் தலைப்பை ‘வேட்கை’ என்று தமிழாக்கலாம். புகைப்பழக்கத்தை விட நினைக்கிறார் ஒருவர். பழக்கம் அவரை விடுவதாக இல்லை. கதை அவ்வளவுதான். வில்லன் கிடையாது, காதலி கிடையாது, துரத்தல் கிடையாது. ஒரு மனிதர், அவர் விரல்கள், ஒரு சிகரெட். அந்த அற்பமான போராட்டத்தை ஒரு காவியத்துக்கு உரிய கவனத்தோடு வரைந்தார்கள். பின்னால் வந்த 120 படங்களின் வித்து அதில் இருக்கிறது. மனிதர் தன்னோடுதான் சண்டை போடுகிறார். சண்டை போட வேறு ஆளே தேவைப்படவில்லை.

இந்த வகை ஆளுக்கு ஹங்கேரியில் ஒரு சொல் உண்டு: கிஷ்எம்பெர். சின்ன மனிதன் என்று பொருள். உயரத்தில் சின்னவன் என்று கொள்ளக் கூடாது. உலகம் தன்னைக் கேட்காமலே நடக்கிறது என்பதைப் புரிந்துகொண்ட, ஆனாலும் கொஞ்சம் கௌரவத்தோடு நடமாட விரும்புகிற சராசரி ஆள். 1930களின் ஹங்கேரியத் திரைப்படங்களில் கபோஷ் ஜூலா என்ற நகைச்சுவை நடிகர் இந்த ஆளாகவே வாழ்ந்து காட்டினார். யூதர் என்பதால் அவருக்குத் திரையும் மேடையும் மறுக்கப்பட்டன. நாட்டைவிட்டுப் போய் 1941இல் நியூயார்க்கில் இறந்தார். குஸ்தாவை வரைந்தவர்கள் நேராகக் கபோஷைப் பார்த்து வரைந்தார்கள் என்று நான் சொல்லவில்லை. அந்த நாட்டுப் பார்வையாளர்களுக்குக் குஸ்தாவ் முன்பின் தெரியாத ஆளாக இருந்திருக்க முடியாது என்று மட்டும் சொல்கிறேன். மாமா வீட்டுக்கு வந்த மாதிரி அவர் திரைக்குள் வந்திருப்பார்.

இப்போது தனிமை. இதற்குத் தொழில்காரனாக ஒரு பதில் இருக்கிறது, அதை யாரும் சொல்வதில்லை. திரைப்படம் ஒரு நொடிக்கு 24 சட்டகம், அதாவது 24 அசையாத தனிப் படம், ஓடுகிறது. ஐந்து நிமிடத்துக்கு 7,200 சட்டகம். ஒவ்வோர் ஓவியத்தையும் இரண்டு சட்டகத்துக்குப் பிடித்தாலும் 3,600 ஓவியம் வேண்டும். ஒவ்வொன்றையும் வரைந்து, கண்ணாடி போன்ற செல்லுலாய்டு தாளில் மையால் படியெடுத்து, பின்புறம் வண்ணம் தீட்டி, உலரவைத்து, பின்னணிமேல் அடுக்கி, மேலிருந்து நோக்கும் கேமராவால் ஒவ்வொன்றாகப் படம் எடுக்க வேண்டும். திரையில் இரண்டாவது ஆள் நுழைந்தால் இந்த வேலை ஏறத்தாழ இரட்டிப்பாகும். நான்கு பேர் உட்கார்ந்து சாப்பிடும் காட்சி என்றால் வரைபவர் கண்ணீர் விடுவார். ஒரே ஆளை, வெறும் சுவரின் முன்னால் நிறுத்துவதுதான் சிக்கனம். அவரை அசையாமல் நிறுத்திக் கண்ணை மட்டும் அசைத்தால் இன்னும் சிக்கனம்.

ஆகவே தொலைக்காட்சி அனிமேஷனுக்குத் தனி மனிதன் இயல்பான கதாநாயகன். அன்று கிழக்கு ஐரோப்பா முழுவதும் இந்தப் பாடத்தைக் கற்றுக்கொண்டிருந்தது. பக்கத்து யூகோஸ்லாவியாவில் ஜாக்ரெப் நகரக் கலைஞர்கள் டிஸ்னியின் வழுவழுப்பான அசைவைத் தூக்கிப்போட்டுவிட்டு, தட்டையான உருவங்களும் வெட்டு வெட்டான அசைவும் கொண்ட ஒரு புது மொழியை உருவாக்கினார்கள். 1961இல் வந்த துஷன் வுகோதிச்சின் ‘சுரகாத்’ ஆஸ்கர் வாங்கியது. அமெரிக்கர் அல்லாத ஒருவர் எடுத்த அனிமேஷன் குறும்படத்துக்கு அந்த விருது கிடைத்தது அதுவே முதல் முறை. சிக்கனம் ஒரு குறை என்று பார்க்கப்பட்ட காலம் அத்தோடு முடிந்தது.

ஆனால் செலவுக் கணக்கோடு நிறுத்திக்கொண்டால் அது அரைப் பதில். சிக்கனம் ஒருவரைத் திரையில் தனியாக நிறுத்தலாம். அந்தத் தனிமையை நாம் உணரும்படி செய்யாது. அதைச் செய்வது நிறுத்தம். ‘ஹோல்டு’ என்று எங்கள் தொழிலில் சொல்வோம். ஓவியம் மாறாமல் அப்படியே நிற்கும் நேரம். ஒருமுறை ஒரு மாணவி, அசட்டுத்தனம் செய்துவிட்ட ஒரு மனிதர் சுற்றுமுற்றும் பார்க்கிற காட்சியை வரைந்து எடுத்துவந்தார். நன்றாக வரைந்திருந்தார், ஆனால் சிரிப்பு வரவில்லை. தவறு நடந்த உடனே தலை திரும்பிவிட்டது. தலை திரும்பும் முன் பன்னிரண்டு சட்டகம், அதாவது அரை நொடி, எதையும் அசைக்காமல் வைக்கச் சொன்னேன். மறுபடி ஓட்டியபோது வகுப்பே சிரித்தது. அந்த அரை நொடியில்தான் அவர் தன்னைத் தானே பார்த்துவிடுகிறார். பக்கத்தில் இன்னொருவர் இருந்திருந்தால் நம் கண் அந்த இன்னொருவரிடம் போயிருக்கும். தனியாக இருப்பதால் அவர் வெட்கத்துக்கு நாம் மட்டுமே சாட்சி. சிரித்த பிறகு உங்களுக்கு ஏற்பட்ட உறுத்தல் இங்கிருந்து வருகிறது என்று நினைக்கிறேன்.

குஸ்தாவ் பேசாததற்கும் இரண்டு அடுக்குக் காரணம் உண்டு. ஹங்கேரிய மொழி பேசுவோர் அந்த நாட்டில் சுமார் ஒரு கோடிப் பேர். சுற்றியுள்ள ஸ்லாவிய, ஜெர்மானிய, ரோமானிய மொழிகள் எதனோடும் உறவில்லாத மொழி; ஃபின்லாந்து, எஸ்டோனியா மொழிகளோடுதான் தூரத்துச் சொந்தம். எல்லையைத் தாண்டினால் ஒரு சொல்லும் புரியாது. முனகல், உறுமல், பெருமூச்சு, பொருளற்ற முணுமுணுப்பு ஆகியவற்றை மட்டும் வைத்து எடுத்த படத்தைக் குரல் மாற்றாமலே எந்த நாட்டுக்கும் விற்கலாம். குஸ்தாவ் கிழக்கிலும் மேற்கிலும் பல நாட்டுத் தொலைக்காட்சிகளுக்குப் போனார். இது வியாபாரக் காரணம். உங்கள் கைக்கு அவர் வந்து சேர்ந்ததற்கும் இதுவே காரணம். நீங்கள் வசன எழுத்து எதுவும் இல்லாமல் பார்த்திருக்கிறீர்கள், ஒன்றும் நழுவவில்லை.

கலைக் காரணம் எனக்கு இன்னும் பிடித்தது. பேசத் தெரிந்தவர் தன்னை நியாயப்படுத்திக்கொள்வார். தவறு செய்துவிட்டு ‘இல்லை சார், நான் என்ன நினைத்தேன் என்றால்’ என்று ஆரம்பிப்பார். குஸ்தாவுக்கு அந்த வசதி இல்லை. செய்ததைச் செய்தபடியே நின்றாக வேண்டும். மிஸ்டர் பீன் பார்த்து வளர்ந்தவர்களுக்கு இது உடனே விளங்கும். ஒரு வித்தியாசம் உண்டு. பீன் ஒரு குழந்தை, உலக வழக்கம் தெரியாதவர். குஸ்தாவுக்கு வழக்கம் எல்லாம் தெரியும். அலுவலகம் போகிறவர். வழக்கப்படி நடந்துகொள்ளத்தான் விரும்புகிறார், முடியாமல் போகிறது. பீனைப் பார்த்து நாம் வெளியில் நின்று சிரிக்கிறோம். குஸ்தாவைப் பார்க்கும்போது அவ்வளவு தூரம் விலகி நிற்க முடிவதில்லை.

இதே பன்னோனியாவில், இதே நெப், சொற்கள் கொட்டும் ஒரு தொடரையும் படைத்தார் என்பது இங்கே கவனிக்கத்தக்கது. மேஸ்கா குடும்பம் என்று பெயர். 1969இல் தொடங்கி மூன்று பருவங்கள், ஒவ்வொன்றிலும் 13 பகுதிகள். சொல் அடுக்கி விளையாடுவதற்குப் பேர்போன கவிஞர் ரோம்ஹான்யி யோஜெஃப் நெப்போடு சேர்ந்து எழுதினார். அப்பா கேசா, அம்மா பௌலா, மகள் கிரிஸ்டா, கண்டுபிடிப்பாளரான சிறுவன் அலாதார், ஒரு நாய், ஒரு பூனை. அம்மா சலித்துக்கொள்ளும்போதெல்லாம் ‘நான் ஏன் ஹுஃப்நாகெல் பிஷ்டியைக் கட்டிக்கொள்ளாமல் போனேன்’ என்பார். அந்த வாசகம் ஹங்கேரியில் பழமொழி மாதிரி ஆகிவிட்டது. இந்தக் குடும்பத்துக்குப் பக்கத்து வீட்டில் டாக்டர் மாரிஷ் இருக்கிறார். கல்யாணம் ஆகாதவர், சிடுமூஞ்சி. மேஸ்கா வீட்டில் எது வெடித்தாலும் சுவருக்கு அந்தப் பக்கம் அடிபடுகிறவர். என் பார்வையில் மாரிஷ் பேசத் தெரிந்த குஸ்தாவ். புகார் சொல்லவாவது ஒரு குடும்பம் பக்கத்தில் இருப்பதால் அவர் நிலை மேல். மூன்றாவது பருவத்தில் மேஸ்காக்கள் விடுமுறைப் பயணம் கிளம்பும்போது மாரிஷும் கூடவே போகிறார். திட்டிக்கொண்டேதான் போகிறார், ஆனாலும் போகிறார். அந்த முடிவு என்னை எப்போதும் நெகிழவைக்கும்.

அரசியலுக்கு வருகிறேன். உறுதியானதை முதலில் சொல்கிறேன். 1956இல் ஹங்கேரிய மக்கள் எழுந்தார்கள், சோவியத் டாங்கிகள் அதை நசுக்கின. அதன் பின் காதார் யானோஷ் ஆட்சிக்கு வந்து 1988 வரை இருந்தார். முதல் சில ஆண்டுகள் தூக்கும் சிறையுமாகக் கழிந்தன. 1961 வாக்கில் தொனி மாறியது. எங்களுக்கு எதிராக இல்லாதவர் எங்களோடு இருக்கிறார் என்ற கருத்தைக் காதார் அறிவித்தார். 1963இல் பெரும் பொதுமன்னிப்பு வந்தது. பண்பாட்டுத் துறையைக் கையில் வைத்திருந்தவர் அட்செல் ஜியோர்ஜி. அவர் கொள்கை மூன்று சொல்லில் அடங்கும்: ஆதரிப்பது, பொறுத்துக்கொள்வது, தடுப்பது. 1956 பற்றியோ, சோவியத் படை அந்த மண்ணில் இருப்பது பற்றியோ கேலி பேச முடியாது. ஆனால் சோம்பேறி எழுத்தர், குடிகாரக் கணவர், கார் வாங்கிக் கர்வப்படுகிறவர், மேலதிகாரியைக் கண்டால் குழைகிறவர் ஆகியோரைத் தாராளமாகக் கேலி செய்யலாம். லுதாஷ் மாட்யி என்ற கேலி வார இதழையே அரசு அனுமதியோடு நடத்தினார்கள். குஸ்தாவும் இந்த அனுமதிக்கப்பட்ட வட்டத்துக்குள் பிறந்தவர். அரசு நிறுவனம் தயாரித்தது, அரசுத் தொலைக்காட்சி ஒளிபரப்பியது, அரசே வெளிநாட்டுக்கு விற்றது. தணிக்கைக்காரரை ஏமாற்றி வெளிவந்த இரகசியக் கலகம் என்று பலர் எழுதுவது இந்தப் பின்னணியோடு பொருந்தவில்லை.

அதற்காக அதில் அரசியலே இல்லை என்றும் நான் சொல்லமாட்டேன். இதற்குமேல் சொல்வது என் ஊகம். காதார் மக்களோடு செய்துகொண்ட எழுதாத ஒப்பந்தம் ஒன்று இருந்தது என்று வரலாற்றாசிரியர்கள் பலர் சொல்வார்கள்: அரசியலை எங்களிடம் விட்டுவிடுங்கள், உங்கள் வீட்டுக்குள் நாங்கள் வரமாட்டோம். வீடு, குளிர்பதனப் பெட்டி, சலவை இயந்திரம், பல ஆண்டு காத்திருந்தால் ஒரு டிராபன்ட் கார், முடிந்தால் ஊருக்கு வெளியே ஒரு துண்டு நிலம். குளிர்பதனப் பெட்டி சோஷலிசம் என்றே அதற்கு ஒரு பெயர் உண்டு. 1960இல் பதினைந்து ஆண்டுகளில் பத்து லட்சம் வீடு கட்டுவது என்று திட்டம் போட்டார்கள். தொழிற்சாலையில் வார்த்த காங்கிரீட் பலகைகளைக் கொண்டுவந்து அடுக்கிக் குடியிருப்புகளை எழுப்பினார்கள். அதற்கு முன் பழைய பெரிய வீடுகளைப் பிரித்து, முன்பின் தெரியாத குடும்பங்களை ஒரே சமையலறையைப் பங்கிடும்படி குடியமர்த்தியிருந்தார்கள். அப்படி வாழ்ந்தவருக்குத் தன் கதவைத் தானே சாத்திக்கொள்ள முடிவது எவ்வளவு பெரிய பாக்கியம்! அந்தக் கதவுக்கு உள்ளே இருக்கிறவர்தான் குஸ்தாவ். ஒப்பந்தம் அவருக்குக் கொடுத்தது அந்தச் சின்ன இடத்தை. அதில் அரசன் மாதிரி இருக்கலாம் என்று நினைக்கிறார். உள்ளே போய்ப் பார்த்தால் அங்கே அவரும் அவருடைய பயமும் பொறாமையும் ஆசையும்தான் இருக்கின்றன.

இந்தப் படங்கள் அரசை எதிர்த்தன என்பதைவிட, அந்த ஒப்பந்தத்தின் உட்புறம் எப்படி இருந்தது என்று காட்டின என்பதே எனக்குச் சரியாகப் படுகிறது. படைத்தவர்கள் அப்படி எண்ணித்தான் வரைந்தார்களா என்பதைப் படங்களை மட்டும் வைத்துக்கொண்டு நிறுவ முடியாது. என் மாணவர்களிடமும் இப்படித்தான் சொல்வேன். அந்தக் காலத்துத் தொலைக்காட்சி இன்று மாதிரி நாள் முழுக்க ஓடவில்லை என்பதையும் நினைவில் வையுங்கள். 1957 மே தின அணிவகுப்பு ஒளிபரப்போடு அங்கே முறையான தொலைக்காட்சி பிறந்தது. 1989 வரை திங்கட்கிழமைகளில் ஒளிபரப்பே கிடையாது. அலைவரிசை முதலில் ஒன்று, 1970களில் இரண்டு. அவ்வளவு குறைந்த நேரத்தில் ஐந்து நிமிடம் ஒரு சின்ன மனிதருக்குக் கிடைத்தது என்றால், நாடே ஒரே சமயத்தில் அவரைப் பார்த்தது என்று பொருள். தனித்தனிக் கதவுகளுக்குப் பின்னால் உட்கார்ந்து பார்த்தார்கள்.

யான்கோவிச் மார்ட்செலைப் பற்றித் தனியாகச் சொல்லியே ஆகவேண்டும். 1941இல் பிறந்தவர். 1950இல் அவர் தந்தையை ஒரு போலி வழக்கில் சிறையில் தள்ளினார்கள், குடும்பத்தைத் தலைநகரிலிருந்து கிராமத்துக்கு வெளியேற்றினார்கள். மகனுக்குப் பல்கலைக்கழகக் கதவு திறக்கவில்லை. 1960இல் பன்னோனியாவில் கீழ்நிலை வேலையில் சேர்ந்தார். அவருக்குக் கலைக்கல்லூரியாக அமைந்தது குஸ்தாவ்தான். ஒரு மனிதரின் எடையை, மூச்சை, முயற்சியை, ஏமாற்றத்தை ஐந்து நிமிடத்தில் காட்டுவது எப்படி என்று படம் படமாகப் பயின்றார். பின்னால் ஹங்கேரியின் முதல் முழுநீள அனிமேஷன் திரைப்படத்தை, யானோஷ் வீரனின் கதையை, 1973இல் இயக்கியவர் அவரே.

அடுத்த ஆண்டு அவர் எடுத்தது ‘சிசிஃபஸ்’ என்ற குறும்படம். பாறையை ஓயாமல் மலைமேல் உருட்டும்படி சபிக்கப்பட்ட கிரேக்கப் புராண மனிதனின் பெயர் அது. ஏறக்குறைய இரண்டே நிமிடம். வெள்ளைத் திரை, கறுப்புத் தூரிகைக் கோடு, ஒரு மனிதன், ஒரு பாறை. வசனம் கிடையாது, இசை கிடையாது, மூச்சு வாங்கும் ஒலி மட்டும். சரிவு கடுமையாக ஆக ஆகக் கோடு தடிக்கிறது. ஒரு கட்டத்தில் மனிதன் எங்கே முடிகிறான், பாறை எங்கே தொடங்குகிறது என்று தெரியாதபடி இரண்டும் மைக்கறைகளாகி நடுங்குகின்றன. பிறகு கோடு மெலிகிறது, உடல் திரும்புகிறது, மறுபடி முட்டுக்கொடுக்கிறான். கடைசியில் உச்சியில் பாறையை வைத்துவிடுகிறான். பார்வை பின்வாங்குகிறது. அவன் ஏறிய மலையே அப்படி ஏற்றப்பட்ட கற்களால் ஆனது. இந்தப் படம் ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்டது. 1977இல் அவர் எடுத்த இன்னொரு குறும்படத்தில் ஒரு சிற்பி கல்லைச் செதுக்குகிறான், கல் திருப்பி அவனைச் செதுக்குகிறது. அதற்குக் கான் திரைப்பட விழாவில் குறும்படத்துக்கான தங்கப்பனை விருது கிடைத்தது.

வகுப்பில் நான் ஒரு குஸ்தாவை ஓட்டிவிட்டு, இடைவெளி விடாமல் சிசிஃபஸை ஓட்டுவேன். முதல் படத்துக்குச் சிரித்த முகங்கள் இரண்டாவதில் உறைந்துபோகும். பிறகு விளக்கை அணைத்து இரண்டின் ஒலியை மட்டும் கேட்கவைப்பேன். இங்கே முனகல், அங்கேயும் முனகல். எது நகைச்சுவை, எது துயரம் என்று காதால் மட்டும் பிரிக்கச் சொன்னால் பாதிப் பேர் தடுமாறுவார்கள். ஒரே கை, ஒரே தனி மனிதன். ஒன்றில் அவன் உருட்டுவது பாறை. மற்றதில் அன்றாடத்தின் சில்லறைத் தொந்தரவு. குஸ்தாவைப் பார்த்துச் சிரிப்பது கொடுமை என்று எனக்குத் தோன்றியதில்லை. எள்ளி நகையாடுகிற ஓவியர் கோட்டை அலட்சியமாக இழுப்பார். குஸ்தாவின் தோள் சரிகிற விதத்தை ஒருமுறை நிறுத்திப் பாருங்கள். அந்தச் சரிவை வரைந்தவருக்குத் தன் தோளும் அப்படிச் சரிந்த நாள் தெரிந்திருக்கிறது.

நீங்கள் அவரைக் கட்டைப் பிரம்மச்சாரி என்று எழுதியிருக்கிறீர்கள். அதைச் சற்றுத் திருத்த வேண்டும். குஸ்தாவுக்கு நிலையான வாழ்க்கை வரலாறு கிடையாது. சில படங்களில் ஒண்டிக்கட்டை, சில படங்களில் மனைவி உண்டு. ஒரு படத்தில் நடந்தது அடுத்ததில் நினைவிருக்காது. ஆனால் மனைவி இருக்கும் படங்களிலும் அவர் தனிதான். பக்கத்தில் ஆள் இருக்கிறார்களா என்பதை வைத்து அந்தத் தனிமையை அளக்க முடியாது. சொல்ல நினைப்பது தொண்டையிலேயே முணுமுணுப்பாகக் கலைந்துவிடுகிறது அல்லவா, அதை வைத்து அளக்க வேண்டும். இங்கே ஒரு குறையையும் சொல்லிவிட வேண்டும். இந்தத் தொடரில் பெண்கள் பெரும்பாலும் ஒன்று நச்சரிக்கும் மனைவி, அல்லது ஆணின் கண்ணைக் கவரும் உருவம். குஸ்தாவுக்குக் காட்டிய உள்முகக் கவனத்தில் கால்பங்குகூட அவர்களுக்குக் காட்டவில்லை. அந்தக் காலம் அப்படி என்று சொல்லி நான் அதைக் கடந்துபோவதில்லை. வகுப்பில் மாணவிகள் இதைச் சுட்டிக்காட்டும்போது அவர்கள் பக்கம்தான் நிற்கிறேன்.

கடைசியாக உங்கள் மகன். கார்ட்டூன் என்ற ஒரே காரணத்துக்காகக் குஸ்தாவைக் குழந்தைக்கு அப்படியே போட்டுவிடாதீர்கள். இவை பெரியவர்களுக்காக எடுத்தவை. குடி, சபலம், சாவு எல்லாம் சாதாரணமாக வந்துபோகும். நீங்கள் முதலில் பார்த்து, வேலை, வீடு, வாகனம் என்று சுற்றுகிற நான்கைந்தைத் தேர்ந்தெடுத்து, பக்கத்தில் உட்கார்ந்து காட்டுங்கள். எட்டு வயதுக்கு அந்த அசைவே போதும், விழுந்து விழுந்து சிரிப்பான். தொடராகப் பார்க்க ஏதாவது வேண்டும் என்றால் மேஸ்கா குடும்பத்தின் இரண்டாவது பருவம் அவனுக்குப் பொருத்தம். வீட்டில் எல்லோரும் தூங்கிய பிறகு அலாதார், காற்றடைத்தால் விரிகிற ஒரு விண்கலத்தில் நாயையும் ஏற்றிக்கொண்டு கிரகம் கிரகமாகச் சுற்றிவிட்டு விடிவதற்குள் திரும்பிவிடுவான். அது பேச்சு நிறைந்த தொடர் என்பதால் உங்களுக்குப் புரிகிற மொழிக்குக் குரல் மாற்றிய வடிவமோ வசன எழுத்தோ தேவைப்படும். இத்தாலியில் மேசில் குடும்பம் என்று பெயர் மாற்றி ஒளிபரப்பினார்கள். தேடும்போது அந்தப் பெயரிலும் தேடிப் பாருங்கள்.